குடி, குடியுரிமை, கள்ளத்தோணி: ஒரு கரையோர வாசிப்பு

1

திருப்பாலைக்குடிக் கரையில் வலைக்குத் தக்கை கட்டிக்கொண்டிருந்த பெரியவர் ஒருவரிடம் கள்ளத்தோணி பற்றிக் கேட்டேன். எண்பதைத் தாண்டியவர். சிறுவயதில் தகப்பனாரோடு வத்தையில் அக்கரை போய்வந்தவர். "இருந்தது தோணிதான் தம்பி. கள்ளத்தோணின்னு பேர் வச்சது கவர்மெண்டு" என்றார். அதற்குமேல் பேச அவருக்கு விருப்பமில்லை.

தேசம் ஒரு கற்பிதம் என்று பெனடிக்ட் ஆண்டர்சனைச் சொல்லிவிட்டு நம்மில் பலரும் அடுத்த வேலைக்குப் போய்விடுகிறோம். கற்பிதம்தான், மறுக்கவில்லை. ஆனால் அந்தக் கற்பிதம் ஒருவர் கையிலிருக்கும் வாக்குச்சீட்டைப் பிடுங்குவது எப்படி? பிறந்த ஊரிலிருந்து கப்பலேற்றி அனுப்புவது எப்படி? இதையெல்லாம் தேதியோடும் எண்ணோடும் பார்த்தாக வேண்டும். பார்ப்பதற்குப் பெருநகர நூலகத்தைவிட இந்தக் கரை தோதான இடம் என்று எனக்குப் படுகிறது.

கள்ளத்தோணி என்பது இலங்கையில் ஒரு வசைச்சொல். மலையகத்துத் தேயிலைத் தோட்டங்களில் மூன்று தலைமுறையாகக் கொழுந்து பறித்தவர்களையும் அப்படித்தான் ஏசினார்கள். ஏசியவர்கள் சிங்களவர் மட்டுமல்ல, தமிழரும்தான். ஆனால் ஏசப்பட்டவர்களில் பெரும்பாலோர் களவாகப் போனவர்களே அல்லர்.

19ஆம் நூற்றாண்டில் காப்பித் தோட்டங்களுக்கு ஆள் பிடிக்கப்பட்டபோது இந்தக் கரையோரத்துச் சிறு துறைகளில் தோணியேறி, மன்னார்ப் பக்கம் இறங்கி, மாத்தளைக்குக் காட்டுவழி நடந்தார்கள். காலராவிலும் பசியிலும் வழியிலேயே செத்தவர்கள் ஏராளம். 1914 மார்ச்சில் தனுஷ்கோடி – தலைமன்னார் கப்பல் வந்தபின் ரயிலும் கப்பலுமாகப் போனார்கள். மண்டபத்தில், இந்திய மண்ணிலேயே, இலங்கை அரசு ஒரு தொற்றுத்தடுப்பு முகாமை நடத்தியது. ஆளை நிறுத்தி, சோதித்து, பதிந்து அனுப்பினார்கள். எண் பொறித்த தகரத் துண்டைக் கழுத்தில் மாட்டி அனுப்பிய காலமும் உண்டு. இப்படித் தானே எண்ணி வாங்கிய ஆளைப் பார்த்துத்தான் பிற்பாடு அந்த அரசு 'நீ எப்படி வந்தாய்?' என்று கேட்டது.

2

1948 பிப்ரவரி 4இல் இலங்கை விடுதலை பெற்றது. அதே ஆண்டில் பிரஜாவுரிமைச் சட்டம் (எண் 18) வந்தது. புதிய அரசின் முதல் பெரிய சட்டங்களில் ஒன்று, யார் தன் மக்கள் அல்லர் என்று சொல்வதற்காக இயற்றப்பட்டது. இதைச் சாதாரணமாக எடுத்துக்கொள்ள முடியாது.

அந்தச் சட்டத்தில் எந்த இனத்தின் பெயரும் இல்லை. சட்டத்துக்கு முன்பே இலங்கையில் பிறந்த ஒருவர் வம்சாவழியில் பிரஜையாக வேண்டுமானால் அவருடைய தகப்பன் இலங்கையில் பிறந்திருக்க வேண்டும்; இல்லையென்றால் தகப்பன்வழிப் பாட்டனும் பூட்டனும் அங்கே பிறந்திருக்க வேண்டும். அவ்வளவுதான். லயத்து அறையில் பிறந்தவனிடம் பாட்டனின் பிறப்புச் சான்றுக்கு எங்கே போவது? எந்தச் சமூகத்துக்கும் தனியாகக் குறை விதிக்கக் கூடாது என்ற சோல்பரி அரசியலமைப்பின் 29ஆவது பிரிவைக் காட்டி லண்டன் பிரிவி கவுன்சில்வரை வழக்குப் போனது. 1953இல் தோற்றது. சொற்களில் பாரபட்சம் இல்லையாம். நடுநிலையான சொற்களைக் கொண்டே ஒரு மக்கள்கூட்டத்தை வெளியேற்றிவிடலாம் என்பதை நவீன அரசு எவ்வளவு சீக்கிரம் கற்றுக்கொண்டது பாருங்கள்.

இதன் வர்க்கக் கணக்கையும் விட்டுவிடக் கூடாது. 1947 தேர்தலில் இலங்கை இந்தியக் காங்கிரஸ் மலையகத்தில் ஏழு இடங்களை வென்றது. 'நாடற்றவர் கதை' எழுதிய சி.வி. வேலுப்பிள்ளையும் வென்றவர்களில் ஒருவர். வேறு பல தொகுதிகளில் தோட்டத் தொழிலாளர் வாக்கு இடதுசாரிகளுக்குப் போயிற்று. டி.எஸ். சேனநாயக்காவின் அரசுக்கு இது உறுத்தியது. 1949இல் தேர்தல் சட்டத்தைத் திருத்தி வாக்குரிமையைப் பறித்தார்கள். 1946 கணக்கெடுப்பில் ஏறத்தாழ 7,80,000 பேராக இருந்த சமூகத்தில் ஆகப் பெரும்பாலோரின் அரசியல் இருப்பு துடைக்கப்பட்டது. யாழ்ப்பாணத் தலைமையின் ஜி.ஜி. பொன்னம்பலம் 1948இலேயே அமைச்சரவைக்குள் போய்விட்டார். அதை எதிர்த்துப் பிரிந்த செல்வநாயகம் 1949 டிசம்பரில் தமிழரசுக் கட்சியைத் தொடங்கினார்.

மிச்சமிருந்தவர்கள் 1949இன் இன்னொரு சட்டத்தின்கீழ் விண்ணப்பிக்கலாம் என்றார்கள். எட்டு லட்சத்துக்கு மேற்பட்டோர் சார்பில் மனுக்கள் போயின. 1964வரை கிடைத்தது ஏறத்தாழ 1,34,000 பேருக்கு.

3

தமிழ் படித்தவன் என்பதால் சொல்லில் கொஞ்சம் நிற்கிறேன். நாம் 'குடியுரிமை' என்கிறோம். இலங்கைத் தமிழில் 'பிரஜாவுரிமை'. 'குடி' என்றால் குலம், குடி என்றால் ஊர், குடியிருப்பவரும் குடிதான். திருப்பாலைக்குடியில் இருப்பது ஊர். திருக்குறளின் 96ஆம் அதிகாரமான 'குடிமை'யில் இருப்பது உயர்குடிப் பிறப்பு. 'பிரஜை'யும் அப்படியே, வடமொழியில் அது ஆளப்படும் மக்களையும் குறிக்கும், பெற்ற பிள்ளையையும் குறிக்கும். ஆக இரண்டு சொற்களுக்குள்ளும் பிறப்பு ஒளிந்திருக்கிறது.

குடி என்ற சொல் அரசுக்கு முன் இரண்டு வழிகளை வைக்கிறது. எங்கே குடியிருக்கிறாய் என்று கேட்கலாம். எந்தக் குடியில் பிறந்தாய் என்றும் கேட்கலாம். முதல் கேள்வியைக் கேட்கும் அரசு உழைப்பையும் வாழ்வையும் கணக்கில் எடுத்தாக வேண்டும். இரண்டாவதைக் கேட்கும் அரசுக்குப் பாட்டன் போதும். காலனியத்திலிருந்து விடுபட்ட இளம் தேசங்களில் பல இரண்டாவதையே தேர்ந்துகொண்டன. பர்மாவின் 1982 சட்டம் 1823க்கு முன் அங்கே குடியேறிய இனமா என்று கேட்டு ரோஹிங்கியாக்களை நாடற்றவர் ஆக்கியது. சாதியச் சமூகத்தில் பிறந்த நமக்கு இந்தக் கேள்வி ஒன்றும் புதிதில்லை. 'நீங்க என்ன ஆளுக?' என்று பஸ்ஸில் பக்கத்தில் உட்கார்ந்தவர் கேட்பதுதான். இங்கே அதையே ஒரு அரசு கெஜட்டில் போட்டுக் கேட்கிறது.

4

1964 அக்டோபர் 30இல் சிறிமா – சாஸ்திரி ஒப்பந்தம். நாடற்றவர் 9,75,000 பேர் என்று கணக்கிட்டு இந்தியாவுக்கு 5,25,000, இலங்கைக்கு 3,00,000 என்று பிரித்தார்கள். மீதி 1,50,000 பேரைப் பிறகு பார்த்துக்கொள்ளலாம் என்றார்கள். 1974 ஜனவரியில் அந்த மீதியையும் ஆளுக்கு 75,000 என்று இந்திரா காந்தியும் சிறிமாவோவும் பங்கிட்டுக்கொண்டார்கள். பாகப்பிரிவினையில் மாட்டையாவது ஓட்டிப் பார்த்துப் பிரிப்பார்கள். இங்கே அதுவும் இல்லை. இந்தியாவுக்கு ஒதுக்கிய எண்ணிக்கைக்கு மனுக்கள் வந்து சேரவில்லை. இலங்கையில் இருக்கவே ஒதுக்கீட்டுக்கு மேல் மனுப் போட்டார்கள். அவர்கள் விருப்பம் என்ன என்பதற்கு இதைவிடச் சான்று வேண்டியதில்லை.

ஒப்பந்தம் ஆகி இரண்டு மாதம்கூட ஆகவில்லை, டிசம்பர் 22–23 இரவில் புயல் தனுஷ்கோடியை அழித்தது. கப்பல் ராமேஸ்வரத்துக்கு மாறியது. அதில்தான் 'தாயகம் திரும்பியோர்' வந்தார்கள். போகிறவர்களை எண்ணி அனுப்பிய மண்டபம் முகாம் இப்போது வருகிறவர்களை வாங்கி வைத்து, நீலகிரித் தேயிலைக்கும் நூற்பாலைக்கும் ரப்பர்த் தோட்டத்துக்கும் பிரித்து அனுப்பியது.

எங்கள் தெருவில் ஒரு ஆயா இருந்தது. சிலோன் ஆயா என்றே பெயர். தலவாக்கலைப் பக்கம் ஒரு தோட்டத்து லயத்தில் பிறந்தது. எழுபதுகளில், தோட்டங்களில் பஞ்சம் தலைவிரித்தாடிய சமயம், புருஷனோடும் இரண்டு பிள்ளைகளோடும் கப்பலேறி வந்தது. பாட்டன் ஊர் என்று சொல்லப்பட்ட உள்நாட்டு வறண்ட கிராமத்துக்குப் போனால் அங்கே யாருக்கும் இவர்களைத் தெரியவில்லை. நிலத்தில் பங்கு கேட்க வந்ததாக நினைத்துக் கதவைச் சாத்தினார்கள். கடைசியில் கரைக்கு வந்து கருவாடு காயப்போட்டுப் பிழைத்தது. தாயகம் திரும்பியோர் என்ற சொல்லை நான் ஒருநாள் வாசித்துக் காட்டினேன். "நான் எங்கய்யா திரும்புனேன்? இப்பத்தான மொதல்ல வந்தேன்" என்றது. அங்கே இந்தியாக்காரி, இங்கே சாகிறவரைக்கும் சிலோன்காரி.

1984இல் போர்ச்சூழலில் கப்பல் நின்றது. இந்தியக் கடவுச்சீட்டை வைத்துக்கொண்டு அங்கேயே தங்கிவிட்டவர்களுக்கும் மிச்சமிருந்த நாடற்றவர்களுக்கும் இலங்கை 2003இல் ஒரு சட்டம் (எண் 35) இயற்றிப் பிரஜாவுரிமை கொடுத்தது. 55 ஆண்டுகள் கழித்து.

5

இதுவரை சொன்னதை வாசித்துக் கொழும்பைத் திட்டிவிட்டுப் போவது நமக்குச் சுலபம். எனக்கு உறுத்துவது வேறு.

மக்களைப் பங்கிட்ட அதே 1974இல், ஜூன் மாதம், அதே இருவர் கச்சத்தீவையும் முடிவு செய்தார்கள். 285 ஏக்கர். அந்தத் தீவு தமிழகத்தில் ஒவ்வொரு தேர்தலுக்கும் எழுந்து வருகிறது. மீனவர் வாழ்வு அதில் இருப்பதால் வர வேண்டியதும்தான். ஆனால் ஐந்து மாதம் முன்னால் பங்கு போடப்பட்ட 1,50,000 மனிதர்கள் எந்த மேடையிலும் வருவதில்லை. மண் போனதற்கு அழத் தெரிந்த நமக்கு மனிதரைப் பிடுங்கி நட்டதற்கு அழத் தெரியவில்லை.

இந்தியச் சட்டமும் இலங்கையின் வழியில்தான் நடந்திருக்கிறது. 1955 சட்டப்படி இந்த மண்ணில் பிறந்தால் போதும், குடிமகன். 1987 ஜூலை 1இலிருந்து தாயோ தகப்பனோ ஒருவர் குடிமகனாக இருக்க வேண்டும். 2003 திருத்தம் இன்னும் இறுக்கி, பெற்றோரில் ஒருவர் 'சட்டவிரோதக் குடியேறி' என்றாலும் பிள்ளைக்கு இல்லை என்றாக்கியது. கள்ளத்தோணிக்கு டெல்லி வைத்த பெயர்தான் சட்டவிரோதக் குடியேறி. 1983க்குப் பின் உயிருக்குப் பயந்து இந்தக் கரையில் வந்திறங்கியவர்களில் மலையக வம்சாவழியினரும் உண்டு. அவர்கள் பாட்டனைக் காட்டி அங்கே நாடற்றவர் ஆக்கினார்கள். தோணியைக் காட்டி இங்கே வெளியே வைத்திருக்கிறார்கள். 2019 திருத்தம் மூன்று நாடுகளின் பெயரைச் சொன்னது. இலங்கை அதில் இல்லை. முகாம்களுக்கு 2021இல் தமிழக அரசு 'மறுவாழ்வு முகாம்' என்று பெயர் மாற்றியது. 2025இல், 2015 ஜனவரி 9க்கு முன் வந்து பதிந்தவர்களுக்குத் தண்டனையிலிருந்து ஒன்றிய அரசு விலக்குக் கொடுத்தது. குடியுரிமை கொடுக்கவில்லை.

இதற்கு நாம் எந்த மொழியில் எதிர்ப்புச் சொல்கிறோம்? தொப்புள்கொடி உறவு என்கிறோம், ரத்தம் என்கிறோம். அந்த மொழியின் உணர்ச்சியை நான் கேலி செய்யவில்லை. ஆனால் அது 1948 சட்டத்தின் மொழி. பாட்டன் யார் என்று கேட்டவனிடம் என் பாட்டனும் உன் பாட்டனும் ஒன்று என்று பதில் சொல்வது அவன் கேள்வியை ஒத்துக்கொள்வதாகும். நாளைக்கு நம் ஊரில் செங்கல் சூளையிலும் நூற்பாலையிலும் வேலை செய்ய வந்த ஒடியாக்காரரையும் பீகார்க்காரரையும் பார்த்து இதே கேள்வியை நாமும் கேட்போம். ஏற்கெனவே கேட்க ஆரம்பித்துவிட்டோம்.

இருக்கிற இடத்தை வைத்துத்தான் உரிமையைக் கேட்க வேண்டும். மண்டபம் முகாமில் முப்பது வருஷமாக ரேஷன் வாங்கி, பிள்ளையைப் பள்ளிக்கு அனுப்பி, கூலி வேலைக்குப் போய், சாயங்காலக் கணக்கெடுப்புக்குத் திரும்பி வந்து நிற்கும் ஒருவர் இங்கே குடியிருக்கிறார். அவரிடம் வேறு என்ன சான்று கேட்பது?