அச்சத்தை அறிந்த முகம்: ஷோபாவும் 'மூடுபனி'யும்

மட்டக்களப்பு வாவியின் கரையில், ஆடி அமாவாசைத் தீர்த்தத்தால் பெயர்பெற்ற மாமாங்கேஸ்வரர் கோயில் அமைந்த ஊர் அமிர்தகழி. பாலு மகேந்திரா இவ்வூரில் பிறந்தவர். புனித மிக்கேல் கல்லூரியின் பழைய மாணவர். புனே திரைப்படக் கல்லூரியில் ஒளிப்பதிவு பயின்று 1969இல் தங்கப் பதக்கம் பெற்றவர். அவர் இயக்கிய 'மூடுபனி' (1980) தமிழின் அச்சப் படங்களில் ஒரு திருப்பம் என்பது இன்று பொதுவாக ஏற்கப்பட்ட கருத்து. ஆனால் அத்திருப்பத்தின் பெருமை, பிறந்த மண் என்ற உரிமையில் நம்மவரான இயக்குநருக்கும், தமது 100ஆவது படமாக இதற்கு இசையமைத்த இளையராஜாவுக்கும், கொலைகாரனாக நடித்த பிரதாப் போத்தனுக்கும் பங்கிடப்பட்டு முடிந்துவிடுகிறது. நாயகி ஷோபாவின் பங்கு அளக்கப்படவேயில்லை. தமிழ்த் திரையில் அச்சத்தின் ஊற்றாகக் காட்டப்பட்டு வந்த பெண், அச்சத்தை உணர்ந்து எடைபோடும் மனுஷியாக மாறியதில் அவருடைய நடிப்புக்கே முதன்மையான இடம் உண்டு என்பதே இக்கட்டுரையின் வாதம்.

அச்சத்துக்குப் பெண் முகம் கொடுப்பது நமக்குப் புதிதல்ல. வந்தவரைப் பாயோடு ஒட்டவைக்கும் மந்திரம் மட்டக்களப்பில் உண்டென்று வெளியூரார் சொல்லிவந்த பேச்சு ஒருபுறம் இருக்க, வாவியின் இரு பக்கங்களான படுவான்கரையிலும் எழுவான்கரையிலும் மக்கள் அஞ்சி வணங்கும் தெய்வங்களில் காளி, பேச்சி, கண்ணகி முதலானோரே முன்னிற்கின்றனர். இங்கே கவனிக்க வேண்டியது அந்த அச்சத்தை ஊர் கையாளும் விதம். வைகாசியில் கண்ணகிக்குக் குளிர்த்தி பாடும்போது அவளது கோபத்துக்குக் காரணம் உண்டென்று ஊர் ஒப்புக்கொள்கிறது. அவள் கதையைச் சொல்லும் வழக்குரையைப் படித்து அவளைக் குளிர்விக்கிறது, விரட்டுவதில்லை. திரைப்படத்தின் பேய்ப் பெண்ணுக்கு இந்த நியாயம் கிடைக்கவில்லை. வின்சென்ட் இயக்கிய மலையாளப் படமான 'பார்கவி நிலையம்' (1964) பஷீரின் கதை என்பதால், ஆவியான பார்கவியிடம் இரக்கம் காட்டியது. விஜய நிர்மலா ஏற்ற அப்பாத்திரம் விதிவிலக்கு. தமிழில் 'யார் நீ' (1966) படத்தில் ஜெயலலிதா வெள்ளுடையில் இருளிலிருந்து வெளிப்படுவது நாயகனையும் நம்மையும் திகைக்கவைப்பதற்காக. 'ஆயிரம் ஜென்மங்கள்' (1978) படத்திலும் ஆவி குடியேறுவது பெண்ணுடம்பில்தான். இத்தகைய வேடங்களில் நடிகையிடம் எதிர்பார்க்கப்பட்டது தோற்றமும் அசைவும். அவள் மனத்துக்குள் என்ன நடக்கிறது என்பது கதைக்குத் தேவைப்படவில்லை.

ஷோபா 1962 செப்டம்பர் 23 அன்று பிறந்தவர். இயற்பெயர் மகாலட்சுமி மேனன். தாய் பிரேமாவும் நடிகை. சந்திரபாபு இயக்கிய 'தட்டுங்கள் திறக்கப்படும்' (1966) படத்திலேயே குழந்தையாகத் திரைக்கு வந்துவிட்டார். பாலு மகேந்திராவின் முதல் இயக்கமான கன்னடக் 'கோகிலா' (1977), பாலசந்தரின் 'நிழல் நிஜமாகிறது' (1978), மகேந்திரனின் 'முள்ளும் மலரும்' (1978), மீண்டும் பாலு மகேந்திராவின் 'அழியாத கோலங்கள்' (1979) என்று சில ஆண்டுகளுக்குள் ஒருவர் வாழ்நாளில் செய்யக்கூடியதைச் செய்தார். இவற்றுள் என் வாதத்துக்கு மிக வேண்டியது 'முள்ளும் மலரும்'. விஞ்ச் இயக்கும் முரடனான காளியின் தங்கை வள்ளியாக, தான் உயிராய் நேசிக்கும் ஒருவனின் சினத்துக்கே அஞ்சி வாழும் பெண்ணை அவர் நடித்தார். பாசமும் பயமும் ஒரே ஆளைக் குறித்து ஒரே பார்வையில் தெரிய வேண்டிய வேடம் அது. துரையின் 'பசி' (1979) படத்தில் சேரிப்பெண் குப்பம்மாவாக, ஏமாற்றப்பட்டதை உள்ளே வைத்துப் பூட்டிக்கொண்டார். அதற்காகவே சிறந்த நடிகைக்கான தேசிய விருதை 17 வயதில் பெற்றார். அந்தத் துரைதான் 'ஆயிரம் ஜென்மங்கள்' எடுத்தவர் என்பது நினைவில் வைக்கத்தக்கது. ஓராண்டு இடைவெளியில் ஒரே இயக்குநரின் கையில் பெண்ணுடல் ஆவியின் கூடாகவும், பசித்த மனுஷியாகவும் தோன்றியிருக்கிறது.

ராஜேந்திரகுமாரின் நாவலைத் தழுவிய 'மூடுபனி'யில், தந்தையின் நடத்தையால் தாய் பட்ட துன்பத்தைக் கண்டு வளர்ந்த சந்துரு, பாலியல் தொழில் செய்யும் பெண்களைக் கொல்கிறான். ரேகாவை விரும்பி ஊட்டிக்குக் கடத்திச் சென்று அடைத்து வைக்கிறான். இங்கே அஞ்சத்தக்கது ஆணின் மனம். அதை நமக்கு அளந்து சொல்ல வேண்டியவள் ரேகா. ஷோபா அதிகம் அலறுவதில்லை. அவன் கித்தாருடன் பாடும்போது அந்தப் பாட்டின் இனிமையை முழுதாக நம்பவிடாமல் நம்மைத் தடுப்பது அவருடைய முகம்தான். வள்ளியிடம் பழகிய அதே இரட்டை உணர்வு, இங்கே பாசத்தின் இடத்தில் இரக்கத்தை வைத்துக்கொண்டு திரும்பி வருகிறது.

இது அச்சப் படமே அல்ல, உளவியல் கொலைக்கதை என்று சிலர் மறுக்கலாம். பேய் இருந்தால்தான் அச்சப் படம் என்பது கடைவீதிச் சுவரொட்டியின் வகைப்பாடு. ஹிட்ச்காக்கின் 'சைக்கோ' (1960) படத்திலும் பேய் கிடையாது. அப்படியானால் 'மூடுபனி' அதன் நிழல்தானே என்பது அடுத்த கேள்வி. தாயின் நினைவில் சிக்கிய கொலைகாரன் அங்கிருந்து வந்தவன்தான். ஆனால் 'சைக்கோ'வின் நாயகி படம் பாதியை எட்டுமுன்பே கொல்லப்படுகிறாள். ரேகா உயிரோடு இருந்து அவனைப் புரிந்துகொள்ள வேண்டியவள். இதைவிட வலுவான மறுப்பு, பாரதிராஜாவின் 'சிகப்பு ரோஜாக்கள்' (1978) முந்தியது என்பது. உண்மைதான். ஸ்ரீதேவியின் சாரதா வழியே அந்த மாற்றம் தொடங்கிவிட்டது. எனினும் அப்படத்தின் அச்சம் பெரிதும் துரத்தலிலும் இசையிலும் எழுகிறது. உணர்ச்சிக்குள் அதை முழுதாகக் கொண்டுவந்தது ஷோபாவே என்று சொல்வதற்கு அது தடையாகாது.

இயற்கை ஒளியும் ஒப்பனை குறைந்த முகமும் இயக்குநரின் முறை, நடிகைக்கு அதில் என்ன என்று கேட்பாரும் உண்டு. வாவியின் வெளிச்சம் படத்தில் விழுந்திருப்பதாக ஆர்வத்தால் எழுதுவோரும் உண்டு. படம் நிகழ்வது பெங்களூரிலும் ஊட்டியிலும். ஊர்ப்பற்றை ஆய்வாக்க முடியாது. ஒளி ஒரு முகத்தைத் திறந்து காட்டும், அவ்வளவே. காட்டுவதற்கு அங்கே ஏதாவது இருக்க வேண்டும். பாலு மகேந்திரா ஒளிப்பதிவு செய்யாத 'பசி'யிலும் ஷோபாவிடம் அது இருந்தது. இந்த ஒரு சான்றே போதும்.

அவர் வாழ்க்கையையும் தவிர்த்துவிட்டுப் பேசக்கூடாது. ஏற்கெனவே மணமாகியிருந்த, வயதில் மிக மூத்த பாலு மகேந்திராவை அவர் மணந்திருந்தார். 1980 மே 1 அன்று தன் உயிரை மாய்த்துக்கொண்டார். அவரது வாழ்வைத் தழுவியதாகக் கருதப்படும் மலையாளப் படத்தை கே. ஜி. ஜார்ஜ் 1983இல் எடுத்தார். அதன் பிறகு ஷோபாவைப் பற்றிய எழுத்துகள் பெரும்பாலும் அந்த மரணத்தையே சுற்றின, நடிப்பு பின்னுக்குப் போனது. இது அவருக்கு நேர்ந்த இரண்டாவது அநீதி. மட்டக்களப்பில் பாலு மகேந்திராவை நினைவுகூர்வோர் 'மூடுபனி'யைத் திரையிடும்போது, படத்தைப் பாதி நடத்திச்சென்ற அந்த நடிகையின் பெயரையும் இயக்குநரின் பெயருக்கு இணையாக அழைப்பிதழில் அச்சிடுங்கள். படம் 1980 நவம்பர் 7 அன்று வெளியானபோது அதைக் காண அவர் இல்லை.