ஆற்றுவாயும் ஆற்றங்கரையும்: கோலசிலாங்கூரின் தேய்வு குறித்து ஒரு மறுவாசிப்பு

சிலாங்கூர் ஆறு கடலில் கலக்கும் இடத்தில் இருக்கும் கோலசிலாங்கூர், அரச நகரமாகவும் தீர்வைத் துறையாகவும் இருந்து சிறு மாவட்டத் தலைநகராகச் சுருங்கிய ஊர். இந்தச் சுருக்கம் ஒரே முறை நடந்து 19ஆம் நூற்றாண்டோடு முடிந்துவிட்டதாகவே பெரும்பாலும் எழுதப்படுகிறது. ஆற்றின் நடுப்பகுதியையும் கணக்கில் எடுத்தால் அந்தச் சித்திரம் நிற்பதில்லை. இந்த ஆறு வெவ்வேறு காலங்களில் வெவ்வேறு பொருளாதாரங்களைத் தாங்கியது. அவை ஒவ்வொன்றாகக் கைவிடப்பட்டன.

வழக்கமான வாசிப்பின் வேர் ஜே. எம். கல்லிக் 1958இல் வெளியிட்ட மேற்கு மலாயாவின் மரபார்ந்த அரசியல் அமைப்புகள் பற்றிய நூலில் இருக்கிறது. ஆறுதான் அரசியலின் அலகு. ஆற்றுவாயைப் பிடித்தவர் மேலும் கீழும் போகும் சரக்குக்குத் தீர்வை வாங்கலாம். அந்த வருவாய் ஆள்பலத்தைத் தரும் என்பது அவர் கட்டிய சட்டகம். கோலசிலாங்கூருக்கு அது அச்சாகப் பொருந்துகிறது. 1784இல் டச்சுக்காரர்கள் மெலாவத்திக் குன்றின் கோட்டையைப் பிடித்து, தங்கள் தலைமை ஆளுநர் ஆல்டிங்கின் பெயரால் ஆல்டிங்ஸ்பர்க் என்று அழைத்தார்கள். மறு ஆண்டே சுல்தான் இப்ராகிம் அதை மீட்டார். 1871இல், சிலாங்கூரின் உள்நாட்டுப் போரான கிள்ளான் போரின் நடுவே, ரினால்டோ என்ற பிரிட்டிஷ் போர்க்கப்பல் அதே கோட்டையைக் குண்டுவீசித் தகர்த்தது. மூன்று முறையும் சண்டை ஆற்றுவாயிலேயே நடந்தது.

கல்லிக்கின் சட்டகம் எழுச்சியை விளக்குகிறது என்பதில் ஐயமில்லை. சிக்கல், அதே சட்டகத்தைத் தேய்வுக்கும் நீட்டும்போது எழுகிறது. ஆற்றுவாயே ஆறு என்று கொண்டால் கதை எளிதில் முடிந்துவிடும். கோலாலம்பூரையும் கிள்ளான் ஆற்றையும் இணைத்த ரயில்பாதை 1886இல் வந்தது. 1892இல் தண்டவாளம் ராவாங்கையும் 1894இல் கோலகுபுவையும் எட்டியது. உள்நாட்டு ஈயம் அதன்பின் படகில் கீழே வர வேண்டிய தேவை குறைந்தது. 1901இல் போர்ட் சுவெட்டன்ஹாம் துறைமுகம் திறக்கப்பட்டதும் கடல்வணிகம் தெற்கே குவிந்தது. இந்த வரிசையில் தவறில்லை. ஆனால் அது விளக்குவது தீர்வை வாங்கும் துறை எப்படி அழிந்தது என்பதை மட்டுமே. கல்லிக் பேசியது பிரிட்டிஷ் ஆட்சிக்கு முந்தைய அமைப்பைத்தான் என்பதையும் நேர்மையாகச் சொல்ல வேண்டும். அதை 20ஆம் நூற்றாண்டுக்குள் இழுத்து வந்தது பின்வந்தோர் பழக்கம். இருந்தாலும் தலைவர்களையும் தீர்வையையும் மையமாக வைத்த பார்வையில், கரையில் மண்வெட்டி பிடித்தவருக்கு முதலிலிருந்தே இடம் இல்லை. அந்தக் குறை சட்டகத்துக்குள்ளேயே இருக்கிறது.

குன்றின் மேல் நிற்கும் கலங்கரை விளக்கத்தின் ஆண்டு 1907. துறை ஓய்ந்துபோனதாகச் சொல்லப்படும் காலத்துக்குப் பின் எழுந்தது அது. இதை வைத்து ஊர் அப்போதும் துறைமுகமாகச் செழித்தது என்று வாதிட முடியாது. மலாக்கா நீரிணையில் கடந்துபோகும் கப்பல்களுக்கும் அந்த ஒளி தேவைப்பட்டது. ஊரின் வரவுசெலவைப் பற்றி அது சாட்சி சொல்லாது.

வலுவான சாட்சி ஆற்றின் நடுப்பகுதியில் இருக்கிறது. 1905இல் மலாயா வந்த பிரெஞ்சுக்காரர் ஹென்றி ஃபோக்கோனியே, சிலாங்கூர் ஆற்றங்கரையில் ரந்தாவ் பஞ்சாங் தோட்டத்தைத் திறந்தார். ஆற்றுவாய் கைவிடப்பட்ட சில ஆண்டுகளிலேயே ஆற்றங்கரை முதலீட்டை ஈர்க்கத் தொடங்கியது என்பதற்கு இதுவே போதும். மலேசியச் செம்பனையின் தொடக்கமும் இங்கேதான். ஆனால் ஆண்டு எது? நடுப்பகுதி ஊரான பத்தாங் பெர்ஜுந்தை அருகே ஃபோக்கோனியேயின் தென்னமரம் தோட்டத்தில் பலன் தராத காப்பிக்குப் பதிலாகச் செம்பனை நடப்பட்ட 1917ஐ அதிகாரபூர்வத் தொடக்கமாகக் கொள்கிறார்கள்; 2017இல் நூற்றாண்டும் கொண்டாடப்பட்டது. ஆனால் சுமத்திராவில் தோட்டம் நடத்திய பெல்ஜியர் ஏட்ரியன் ஹாலே தந்த டெலி வகைச் செம்பனை விதைகள் அதற்கு முன்பே ரந்தாவ் பஞ்சாங்கில் முளைத்துவிட்டன. 1848இல் ஜாவாவின் போகோர் தாவரத் தோட்டத்துக்கு வந்த நான்கு மரங்களின் வழித்தோன்றல்கள் அவை. அந்த நடவுக்குச் சில நூல்கள் 1911 என்றும் சில 1912 என்றும் தருகின்றன. விதை வந்த ஆண்டும் கன்று மண்ணில் இறங்கிய ஆண்டும் கலந்ததால் இந்த வேறுபாடு வந்திருக்கலாம், உறுதியாகத் தீர்ப்பதற்கில்லை.

ஓராண்டு வேறுபாட்டைவிட, 1917ஐத் தேர்ந்தெடுத்ததுதான் கவனத்துக்குரியது. 1917 வணிகக் கணக்கின் ஆண்டு. ரந்தாவ் பஞ்சாங் நடவு சாலையோர அழகு மரங்களாகத் தள்ளி வைக்கப்படுகிறது. ஆனால் அந்த மரங்கள் இந்த மண்ணில் காய்த்துப் பழுத்ததைப் பார்க்காமல் தென்னமரத்தில் முதல் போட்டிருப்பார்களா? இதற்கு நேரடிச் சான்று மெலிது. ஆயினும் இரு தோட்டங்களின் அண்மையும் பொதுவான நிறுவனரும் அதையே சுட்டுகின்றன. அதோடு, முதல் உலகப் போரின் பெரும்பகுதியை ஃபோக்கோனியே பிரெஞ்சுப் படையில் கழித்தார். அவர் பெயரில் பதிவான 1917 நடவு, களத்தில் கங்காணிகளும் தமிழ்த் தொழிலாளர்களும் செய்த வேலை என்பதே பொருத்தமான முடிவு. 1930இல் கோன்கூர் பரிசு பெற்ற அவருடைய 'மலேசி' புதினத்தில் தோட்டத் தமிழர்கள் இடம்பெறுகிறார்கள். தொழிலின் வரலாற்றில் அந்த இடம்கூட அவர்களுக்குக் கிடைக்கவில்லை.

நடுப்பகுதியின் இரண்டாவது பொருளாதாரம் ஈயம். பத்தாங் பெர்ஜுந்தையைச் சூழ்ந்த தாழ்நிலத்தில் ஈயக் கப்பல்கள் மிதந்து மண்ணைத் தோண்டின. தோட்டமும் லம்பமும் (ஈயச் சுரங்கமும்) அடுத்தடுத்து இருந்ததால் ஆற்றங்கரை ஒரு தொழில்வட்டாரமாகவே இயங்கியது. 1985 அக்டோபரில் அனைத்துலக ஈய மன்றம் நொடித்து விலை சரிந்தபின் அந்தத் தொழில் மீளவில்லை. எஞ்சியவை ஆழமான லம்பக் குட்டைகள். தோட்டங்களின் தேய்வை இப்படி ஒரு மாதத்தில் அடக்க முடியாது. ரப்பர் செம்பனைக்கு வழிவிட்டதும், உள்ளூர்த் தொழிலாளர் இடத்துக்கு அயல்நாட்டுத் தொழிலாளர் வந்ததும், நிலம் கைமாறியதும் தோட்டத்துக்குத் தோட்டம் வேறுபட்ட வேகத்தில் நடந்தன. வீழ்ச்சிக்கு ஒற்றை ஆண்டு தேடும் முயற்சி இங்கே பயனற்றது.

வட்டாரத்தின் மறுசீரமைப்பு தொடங்கியபோது பழைய வாசிப்பே அதை வழிநடத்தியதாகத் தெரிகிறது. ஆற்றுவாயில் கோட்டையும் கலங்கரை விளக்கமும் சுற்றுலாவுக்கு அழகுபடுத்தப்பட்டன. குழிப்பந்துத் திடலுக்குப் போகவிருந்த சதுப்புநிலம், மலேசிய இயற்கைச் சங்கத்தின் முயற்சியால் 1987இல் இயற்கைப் பூங்காவானது. கம்போங் குவாந்தானில் பெரெம்பாங் மரங்களில் ஒளிரும் மின்மினிகளைக் காணப் படகுகள் ஓடுகின்றன. கரையோர மரங்களை வெட்டிச் செம்பனையை நீர்விளிம்புவரை கொண்டுபோனதே அவற்றுக்கு நேர்ந்த பெருங்கேடுகளில் ஒன்று. தோட்ட வரலாற்றைச் சொல்லாமல் மின்மினியின் வரலாற்றையும் சொல்ல முடியாது.

நடுப்பகுதிக்குக் கிடைத்தவை வேறு. 1999இல் நிறுவப்பட்ட சிலாங்கூர் பல்கலைக்கழகம் அங்கே வளாகம் அமைத்தது. 2007இல் பத்தாங் பெர்ஜுந்தை பெஸ்தாரி ஜெயா ஆனது. 2011இல் வந்த லாத்தார் நெடுஞ்சாலை வட்டாரத்தைத் தலைநகருக்கு நெருக்கமாக்கியது. 2014 நீர்ப் பற்றாக்குறையின்போது லம்பக் குட்டைகளின் நீர் ஆற்றுக்கு இறைக்கப்பட்டது. கன உலோகம் பற்றிய அச்சமும் கூடவே எழுந்தது. கிள்ளான் பள்ளத்தாக்கின் குடிநீரில் பாதிக்கும் மேல் இந்த ஆற்றிலிருந்து போவதால், கைவிட்ட குட்டைகளுக்கு மறுபடி மதிப்பு வந்தது.

தோட்டங்களின் லயன் வீடுகளில் வாழ்ந்தவர்களுக்கு அந்த மதிப்பு அவ்வளவு விரைவில் வரவில்லை. நைஜல் கார்ட்னர், புக்கிட் தாகார், மேரி, சுங்கை திங்கி, மின்யாக் ஆகிய ஐந்து தோட்டங்களின் முன்னாள் தொழிலாளர் குடும்பங்கள், நிலம் கைமாறிய பின்னும் சொந்த வீட்டுக்காகப் பல ஆண்டுகள் போராடின. 245 குடும்பங்களுக்கான வீட்டுத் திட்டம் 2023இல்தான் அரசின் அறிவிப்பாக வடிவம் பெற்றது.