கேம்பிரிட்ஜ் பேராசிரியர் வேலையை விட்டுவிட்டு குருவானவர் ஆன விஞ்ஞானி: யார் இந்த ஜான் போல்கிங்ஹார்ன்?

அறிவியல் படித்தவர் கடவுளை நம்பலாமா? இந்தக் கேள்வி வரும்போதெல்லாம் அடிபடும் பெயர் ஜான் போல்கிங்ஹார்ன். இயற்பியலில் உச்சத்தில் இருந்தபோது அந்த வேலையை விட்டு, ஆங்கிலிக்கன் திருச்சபையில் குருவானவர் ஆனவர் இவர்.

யார் இவர்?

1930 அக்டோபர் 16-ல் இங்கிலாந்தின் வெஸ்டன்-சூப்பர்-மேர் ஊரில் பிறந்தார். கேம்பிரிட்ஜ் டிரினிட்டி கல்லூரியில் கணிதம் படித்து, 1955-ல் டாக்டர் பட்டம் வாங்கினார். பின்னாளில் நோபல் பரிசு பெற்ற அப்துஸ் சலாம் இவருடைய ஆய்வு வழிகாட்டிகளில் ஒருவர். அணுவை விடச் சிறிய துகள்களின் கணிதம்தான் இவரது துறை. 1968-ல் கேம்பிரிட்ஜில் கணித இயற்பியல் பேராசிரியர் ஆனார். 1974-ல் ராயல் சொசைட்டி உறுப்பினராகத் தேர்வானார்.

ஏன் வேலையை விட்டார்?

1979-ல் ராஜினாமா செய்தபோது வயது 48. அறிவியல் மீது வெறுப்பு வந்து விடவில்லை. சுமார் 25 வருடம் இயற்பியலுக்கு என் பங்கைச் செய்துவிட்டேன், கணிதத்தில் சிறந்த வேலைகள் இளம் வயதில்தான் வரும் என்பது அவர் சொன்ன காரணம்.

அதுவரை மாணவர்களுக்குப் பாடம் எடுத்தவர், கேம்பிரிட்ஜிலேயே வெஸ்ட்காட் ஹவுஸ் என்ற இறையியல் கல்லூரியில் மாணவராகச் சேர்ந்தார். 1982-ல் குருவானவராக அருட்பொழிவு பெற்றார். உதவி குருவாக இருந்துவிட்டு, கென்ட் பகுதியில் பிளீன் என்ற கிராமத்து சபையைக் கவனித்தார்.

என்ன சொன்னார்?

அவர் அடிக்கடி சொன்ன உதாரணம் ரொம்ப சிம்பிள். கெட்டிலில் தண்ணீர் ஏன் கொதிக்கிறது? கீழே கேஸ் எரிகிறது, அதனால். டீ குடிக்கணும்னு நான் நினைத்தேன், அதனாலும்தான். இரண்டு பதிலும் உண்மை. ஒன்று மற்றொன்றை ரத்து செய்யாது. 'எப்படி' என்பதற்கு அறிவியலும், 'எதற்காக' என்பதற்கு இறையியலும் பதில் தேடுகின்றன என்பது அவர் வாதம்.

எல்லோரும் ஏற்றுக்கொண்டார்களா? இல்லை. நாத்திகரான உயிரியலாளர் ரிச்சர்ட் டாக்கின்ஸ், உண்மையான மத நம்பிக்கை கொண்ட நல்ல விஞ்ஞானிகளில் ஒருவராக இவரைக் குறிப்பிட்டார். ஆனால் கிறிஸ்தவத்தின் குறிப்பான நம்பிக்கைகளை அவர்கள் எப்படி ஏற்கிறார்கள் என்பது புரியவில்லை என்றும் எழுதினார்.

அதற்குப் பிறகு?

1989-ல் கருவின் திசுக்களை ஆய்வுக்குப் பயன்படுத்துவது பற்றிய பிரிட்டன் அரசின் குழுவுக்குத் தலைமை தாங்கினார். கருக்கலைப்பு முடிவும், திசுவைப் பயன்படுத்தும் முடிவும் தனித்தனியாக இருக்க வேண்டும் என்று அந்தக் குழு பரிந்துரைத்தது. அதே ஆண்டு கேம்பிரிட்ஜ் குயின்ஸ் கல்லூரியின் தலைவராகி, 1996 வரை இருந்தார்.

1997-ல் நைட் பட்டம் கிடைத்தது. ஆனால் குருவானவர் என்பதால், வழக்கப்படி பெயருக்கு முன்னால் 'சர்' போட்டுக்கொள்ளவில்லை. 2002-ல் டெம்பிள்டன் பரிசு பெற்றார். 2021 மார்ச் 9-ல், 90 வயதில் காலமானார்.

அறிவியலா, நம்பிக்கையா என்று ஒன்றைத் தேர்ந்தெடுக்கச் சொன்னவர்களுக்கு, இரண்டும் வேண்டும் என்று வாழ்ந்து காட்டியதுதான் அவர் கொடுத்த பதில்.