மதிப்பெண் தாளும் நீதிமன்ற வாசலும்

கேரளத்தின் பள்ளிக் கலைவிழா 1957 ஜனவரியில் எர்ணாகுளத்தில் தொடங்கியது. பள்ளி, துணை மாவட்டம், மாவட்டம், மாநிலம் என்று நான்கு படிகளில் நடக்கும் இவ்விழா இன்று ஆசியாவின் மிகப் பெரிய மாணவர் கலைவிழாக்களில் ஒன்றாகச் சொல்லப்படுகிறது. அதோடு சேர்ந்து வளர்ந்தது வழக்குகளின் வரலாறு.

1986-இல் கலாதிலகம், கலாபிரதிபா பட்டங்கள் வந்தன. பட்டம் சினிமா வாய்ப்புக்கான வாசலானது. பொதுத்தேர்வில் கருணை மதிப்பெண்ணும் கிடைத்தது. போட்டி முற்றியது. பின்னாளில் பட்டங்களைக் கைவிட்டு, கிரேடு முறைக்கு மாறினார்கள். வழக்கு ஓயவில்லை. மாவட்டத்தில் முதலிடம் தவறியவர்கள் கல்வித் துறையின் அப்பீல் குழுவுக்கும், அங்கே தோற்றால் முன்சீஃப் நீதிமன்றம், லோக் ஆயுக்தா, குழந்தைகள் உரிமை ஆணையம், உயர்நீதிமன்றம் என்றும் போனார்கள். 2018-இல் திருச்சூர் விழாவில் ஆணையத்தின் பெயரில் போலி உத்தரவுகளே பிடிபட்டன.

இதைப் பெற்றோரின் பேராசை என்று ஊடகங்கள் கேலி செய்கின்றன. நாம் வேறு கேள்வி கேட்கிறோம்: அந்த வாசல்வரை போக முடிந்தவர்கள் யார்?

நாட்டியத்துக்கு ஆடை, நகை, குரு, பக்கவாத்தியம் என்று பெருஞ்செலவு செய்த குடும்பத்தால் வக்கீலுக்கும் செலவழிக்க முடியும். கூலி வேலைக்குப் போகும் பெற்றோரால் முடியாது. தீர்ப்பு தவறென்று தெரிந்தாலும் அந்தப் பிள்ளை வீட்டுக்குத் திரும்பிவிடும். அதன் குறை எந்த நீதிமன்றப் பதிவேட்டிலும் ஏறாது. வழக்குகளை மட்டும் எண்ணிப் பார்த்தால், அநீதி வசதி படைத்தவர்களுக்கே நடந்ததுபோலத் தோன்றும்.

இன்னொரு சிக்கல் சட்டத்திலேயே இருக்கிறது. நிபுணர்களின் மதிப்பீட்டில் நீதிமன்றம் பொதுவாகக் கைவைப்பதில்லை. விதிமீறலோ உள்நோக்கமோ இருந்ததை நாம்தான் நிரூபிக்க வேண்டும். மேடையில் ஒலிபெருக்கி நின்றுபோனதைச் சாட்சி வைத்து நிரூபிக்கலாம். நடுவரின் கண்ணில் இருக்கும் சாதியை எப்படி நிரூபிப்பது? 2024-இல் மோகினியாட்டக் கலைஞர் ஆர்.எல்.வி. ராமகிருஷ்ணனின் நிறத்தை இழித்து ஒரு நடனக் கலைஞர் வெளிப்படையாகவே பேசினார். பேசியதால் வழக்குப் போட முடிந்தது. பேசாமல் மதிப்பெண்ணைக் குறைத்திருந்தால்?

எது கலை என்ற தீர்ப்போ இதற்கெல்லாம் முந்தையது. மங்கலம்களி, பணியர் நடனம், இருளர் நடனம், மலைப்புலையர் ஆட்டம், பளியர் நடனம் ஆகிய ஐந்தும் மாநில விழாவில் போட்டியாக நுழைந்தது 2025-இல், திருவனந்தபுரத்தில். 68 ஆண்டுகள். இருளரும் பளியரும் தமிழ்நாட்டு மலைகளிலும் வாழ்பவர்கள்; இந்தக் காத்திருப்பு நம்முடையதும்தான். இனி, இந்த ஆட்டங்களுக்கு மதிப்பெண் போடும் நாற்காலியில் அந்தச் சமூகத்தவர் உட்காருவார்களா?

சட்டப்பணிகள் ஆணையச் சட்டம், 1987-இன் 12-ஆம் பிரிவின்படி பட்டியல் சாதி, பழங்குடியினருக்கும் எல்லாக் குழந்தைகளுக்கும் இலவச சட்ட உதவி உண்டு. மாவட்ட விழாவுக்கும் மாநில விழாவுக்கும் இடையே கிடைப்பது கொஞ்ச நாள்தான். அதற்குள் இதைப் பிள்ளைகளிடம் யார் சொல்வது? ஒவ்வொரு விழா அரங்கிலும் சட்ட உதவி மேசை வேண்டும். நடுவர்வாரியாக மதிப்பெண் வெளியிடப்பட வேண்டும். நடுவர் குழுவில் நம்மவர்கள் இருக்க வேண்டும். வழக்குகளைக் குறைக்க விரும்பும் அரசு இங்கிருந்து தொடங்கட்டும்.