பாட்டுக்குத் தீர்ப்புச் சொன்ன வக்கீல்

தென்காசியைப் பூர்விகமாகக் கொண்ட டி.கே.சிதம்பரநாத முதலியார் 1882-ல் பிறந்தவர். சட்டம் படித்துத் திருநெல்வேலியில் வக்கீலாக இருந்தவர். ஆனால் கோர்ட்டில் அவர் மனம் ஒட்டவில்லை. வண்ணார்பேட்டையில் அவர் வீட்டு வட்டமான தொட்டிக்கட்டில் ஞாயிறு மாலைகளில் நண்பர்கள் கூடினார்கள். கம்பன் பாட்டு ஒன்றை எடுத்தால் டி.கே.சி. அதை ஒரு முறை சொல்லி நிறுத்தமாட்டார். தாளமும் உணர்ச்சியும் கேட்பவர் நெஞ்சில் ஏறும்வரை திரும்பத் திரும்பச் சொல்வார். அதுதான் வட்டத்தொட்டி.

1927 முதல் 1930 வரை சென்னை மாகாணச் சட்டசபை உறுப்பினர். அடுத்து 1935 வரை இந்து அறநிலைய போர்டின் கமிஷனர். கோயில் நிர்வாகத்தில் எழும் தகராறுகளை விசாரித்து முடிவு சொல்லும் அதிகாரம் அந்த போர்டுக்கு இருந்தது. நீதிபதி நாற்காலிக்கு அவர் மிக அருகில் வந்தது அப்போதுதான்.

பதவி முடிந்ததும் குற்றாலம். ராஜாஜியும் கல்கியும் அருவிக்காக மட்டும் அங்கே வரவில்லை. முதலியார் வீட்டு விருந்துக்கும் பேச்சுக்கும் சேர்த்தே வந்தார்கள். கவிமணியின் அருமையைத் தமிழ்நாட்டுக்கு ஓயாமல் எடுத்துச் சொன்னதும் அவர்தான்.

அவர் எழுதிய பெரிய தீர்ப்பு 'கம்பர் தரும் ராமாயணம்'. பத்தாயிரத்துக்கும் மேற்பட்ட பாடல்களில் பெரும்பகுதியை இடைச்செருகல் என்று ஒதுக்கினார். சில இடங்களில் சொல்லையே மாற்றினார். புலவர்கள் கொதித்தார்கள். அவர்கள் கோபத்தில் நியாயம் உண்டு. ஏட்டுச் சுவடிதான் இந்த வழக்கின் சாட்சி; அதைக் கூண்டில் ஏற்றாமல், தன் காதையும் இதயத்தையும் மட்டும் நம்பி ஒரு வக்கீலே தீர்ப்பு எழுதியது சரியல்ல. ஆனால் பண்டிதர் வீட்டுப் பரணில் இருந்த கம்பனை, தமிழ் இலக்கணம் படிக்காதவனும் ரசிக்கலாம் என்று துணிந்து சொன்னவரும் அவரே. அந்தத் துணிச்சலுக்கு நாம் கடன்பட்டிருக்கிறோம்.

1954 பிப்ரவரி 16-ல் குற்றாலத்தில் காலமானார். அவரிடம் கம்பனைக் கேட்டு வளர்ந்தவர்களில் ஒருவரான எஸ்.மகராஜன் பின்னாளில் சென்னை உயர் நீதிமன்ற நீதிபதியானார். ஷேக்ஸ்பியரைத் தமிழில் பெயர்த்தார். சட்டங்களைத் தமிழாக்கும் அரசு ஆணையத்துக்கும் தலைமை ஏற்றார். அவரைப் பற்றி அடுத்த வாரம்.