ஒத்திவைப்பதும் கைவிடுவதும்

1927 டிசம்பரில், மஹத் சவுதார் குளத்தில் அம்பேத்கரும் தோழர்களும் தண்ணீர் எடுக்கக் கூடாதென்று சாதி இந்துக்கள் உரிமையியல் நீதிமன்றத்தில் இடைக்காலத் தடை பெற்றனர். அம்பேத்கர் சத்தியாகிரகத்தை ஒத்திவைத்தார், உரிமையைக் கைவிடவில்லை. வழக்காடினார். 1937 மார்ச்சில் பம்பாய் உயர் நீதிமன்றம் தீண்டப்படாதோர் பக்கம் தீர்ப்பளித்தது.

ஒத்திவைப்பது வேறு, கைவிடுவது வேறு. வழக்குத் தொடுத்தவர்களுக்கும் இந்த வேறுபாடு உண்டு. 1908ஆம் ஆண்டின் உரிமையியல் நடைமுறைச் சட்டம், கட்டளை 23, முறைசார்ந்த குறையோ வேறு போதிய காரணமோ இருந்தால், புதிதாக வழக்கிடும் அனுமதியோடு வழக்கைத் திரும்பப் பெற இடம் தருகிறது. அனுமதியின்றித் திரும்பப் பெற்றால், அதே விஷயத்துக்காக மறுபடி வழக்கிட முடியாது. 1986இல் சர்குஜா டிரான்ஸ்போர்ட் வழக்கில் உச்ச நீதிமன்றம் இந்தக் கொள்கையை உயர் நீதிமன்ற ரிட் மனுக்களுக்கும் பொருத்தியது. ஆட்கொணர்வு மனு போன்ற தனிமனித சுதந்திர வழக்குகள் வேறு தன்மையுடையவை என்று சொல்லி, அந்தக் கேள்வியை மட்டும் முடிவு செய்யாமல் விட்டது.

அனுமதி கிடைத்தாலும் காலக்கெடு நமக்காகக் காத்திருக்காது. முதல் வழக்கே போடப்படாததுபோல்தான் நாட்கள் கணக்கிடப்படும்.

பஞ்சமி நிலத்துக்கோ சுடுகாட்டுப் பாதைக்கோ மனுப் போட்ட மக்களிடம், “வாபஸ் வாங்கியாச்சு” என்ற சேதி மட்டும் வந்தால் போதாது. உத்தரவின் நகலை வாங்குங்கள். மறுபடி தாக்கல் செய்யும் உரிமை அதில் எழுதப்பட்டிருக்கிறதா என்று ஊர் கூடிப் படியுங்கள். அந்த ஒரு வரி இருந்தால் அது ஒத்திவைப்பு. இல்லையென்றால் கேட்காமலே நம் உரிமையைக் கைவிட்டுவிட்டார்கள்.