நஞ்செழுத்து

கேட்டால் சாவு என்று தெரிந்தும், தமிழாசையால் பந்தல் பந்தலாக உட்கார்ந்து நந்திக் கலம்பகத்தைக் கேட்டு, கடைசிப் பாட்டில் மூன்றாம் நந்திவர்மன் எரிந்துபோனான் என்பது கதை. 9ஆம் நூற்றாண்டுப் பல்லவன், தெள்ளாற்றில் வென்றவன். நூலில் நான் தேடிய சாபம் இல்லை. புகழ்ச்சியும் காதலும்தான். பின்னால் சேர்ந்திருக்கும் கையறுநிலைச் செய்யுள் ஒன்று அவன் சாவுக்குப் புலம்புகிறது. கதை அதிலிருந்து முளைத்திருக்கும் என்று எனக்குப் படுகிறது. சாவுக்குப் பின் வந்த பாட்டு சாவுக்குக் காரணமாகிவிட்டது.

இதை நம்பவைக்க ஒரு இலக்கணமே இருந்தது. பாட்டியல் நூல்கள் எழுத்துகளை அமுதம், நஞ்சு என்று பிரித்தன. க, ச, த, ந அமுதம். யா, ரா, லா நஞ்சு. பாட்டுடைத் தலைவனுக்காக முதல் சொல்லில் பத்துப் பொருத்தம் பார்க்க வேண்டும். தப்பினால் அவனுக்குக் கேடு. இவற்றுள் வச்சணந்திமாலை நந்திக்குச் சுமார் முந்நூறு ஆண்டு பிந்தியது. புலவனுக்கு இது பிழைப்பும்கூட: கொடாதவனை அறம் பாடுவேன் என்று மிரட்டலாம். மந்திரம் பலிக்க, கேட்பவன் பயப்பட்டால் போதும்.

என் கவிதைகளைப் புரட்டிப் பார்த்தேன். நாலைந்து 'யாரோ' என்று தொடங்குகின்றன. பாட்டுடைத் தலைவன் எதிலும் இல்லை.